நான் ‘இல்லை’ என்று எழுதிய ரிப்போர்ட்

“ஒரு சீல் போட்டுக் குடு மேடம், போதும். வேற ஒண்ணும் வேணாம்.”

அந்த மனிதர் இதைக் கேட்டபோது காலை பதினோரு மணி இருக்கும். கும்மிடிப்பூண்டி பஜாரில், செல்போன் கடைக்கு மேல் மாடியில் இருந்த ஒரு பரிசோதனைக் கூடம் அது. ரத்தம், சிறுநீர், சளி எல்லாம் பார்ப்போம். நான் அங்கே டெக்னீஷியனாக இருந்தேன். கவரப்பேட்டையிலிருந்து தினமும் ரயிலில் வந்து போவேன். வேலைக்குச் சேர்ந்து ஆறு வருஷம் முடிந்திருந்தது.

அவர் நீட்டிய காகிதம் நான்காக மடிக்கப்பட்டு, மடிப்புகளில் கிழியத் தொடங்கியிருந்தது. பிரித்துப் பார்த்தேன். எங்கள் லேப் ரிப்போர்ட்தான். ஒன்றரை வருஷத்துக்கு முந்தைய தேதி. விந்துப் பரிசோதனை. அளவு, நிறம், கெட்டித்தன்மை எல்லாம் எழுதி, எண்ணிக்கை என்ற இடத்தில் ‘நில்’, அதாவது ஒன்றுமில்லை. கீழே தடித்த எழுத்தில் ஒரே ஒரு வார்த்தை: அசூஸ்பெர்மியா. அதற்குக் கீழே என்னுடைய கையெழுத்து.

“எதுக்குண்ணா சீல்?”

“வக்கீல் கேக்குறாரு. டைவர்ஸுக்கு. ஒரிஜினல் நஞ்சி பூடுச்சாம். புதுசா ஒரு காப்பி எடுத்து சீல் வச்சி வாங்கினு வரச் சொன்னாரு.”

நான் ஒன்றும் கேட்கவில்லை. அவரே சொன்னார். யாரிடமும் சொல்லாமல் அடைத்து வைத்திருந்த பேச்சு அது. ஒரு அந்நியப் பெண்ணிடம் வந்து கொட்டியது.

அவருக்கு முப்பத்தைந்து வயதிருக்கும். சிப்காட்டில் இரும்பு உருக்கும் கம்பெனி ஒன்றில் வேலை. கல்யாணமாகி எட்டு வருஷம். பிள்ளை இல்லை. மனைவி தேர்வாய் கண்டிகையில் ஒரு ஃபேக்டரிக்கு கம்பெனி பஸ்ஸில் போகிறவள். அவள் டாக்டர் டாக்டராக அலைந்தாள். கடைசியில் ஒரு டாக்டர், ‘உங்க வீட்டுக்காரரையும் டெஸ்ட் எடுக்கச் சொல்லுங்க’ என்றிருக்கிறார். இவர் மாட்டேன் என்று வீட்டில் சண்டை போட்டுவிட்டு, ஒரு நாள் ஷிஃப்ட் முடிந்ததும் யாருக்கும் தெரியாமல் எங்கள் லேபுக்கு வந்து டெஸ்ட் எடுத்திருக்கிறார். ரிப்போர்ட்டில் இருந்த அந்த வார்த்தையை செல்போனில் போட்டுப் பார்த்து அர்த்தம் தெரிந்துகொண்டார். விந்தணு அறவே இல்லாத நிலை. அதோடு ரிப்போர்ட்டைக் கம்பெனி லாக்கரில், சேஃப்டி ஷூவுக்கு அடியில் வைத்துவிட்டார்.

“அவகிட்ட சொல்லல மேடம். எப்டி சொல்றது? போதும், டாக்டர்லாம் வேணாம், கடவுள் குடுக்கும்போது குடுக்கட்டும்னு சொல்லிட்டேன். அவ கேக்கல, தனியாவே அலஞ்சா.”

ரெண்டு மாதத்துக்கு முன் மனைவி ஒரு நாள் காலை பாத்ரூமிலிருந்து அழுதுகொண்டே வெளியே வந்தாள். கையில் கர்ப்பம் பார்க்கும் அட்டை. ரெண்டு கோடு. சந்தோஷத்தில் அவருடைய தோளைப் பிடித்து உலுக்கியிருக்கிறாள். இவர் கேட்ட முதல் வார்த்தை, “யாருது?”

அன்று சாயங்காலம் இவர் அந்த ரிப்போர்ட்டைக் கொண்டுவந்து காட்டியதும் அவள் ஆரம்பாக்கத்தில் இருக்கும் அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள்.

“இப்ப நாலாவது மாசம்னு கேள்வி. எனக்கு ஒண்ணும் இல்லன்னு நீங்கதானே எழுதிக் குடுத்தீங்க? கையெழுத்து உங்களுதுதானே? அப்ப சீல் போட்டுக் குடுங்க. கோர்ட்டு பாத்துக்கும்.”

குரல் உயரவில்லை. ஆனால் மேஜை விளிம்பைப் பிடித்திருந்த அவருடைய விரல்கள் வெளுத்திருந்தன.

பழைய ரெஜிஸ்டரை எடுத்து வருகிறேன் என்று உள்ளே போனேன். அந்தத் தேதி வந்தது. அன்று ஒரு கம்பெனிக்குப் புதிதாக ஆள் எடுத்திருந்தார்கள். வேலையில் சேருகிறவர்களுக்கான மெடிக்கல். பக்கம் முழுவதும், அடுத்த பக்கமும், அதற்கடுத்த பாதிப் பக்கமும் ரத்த சாம்பிள்கள். நடுவில் ஒரே ஒரு வரி இவருடையது.

அந்த நாள் எனக்கு ஞாபகம் வந்துவிட்டது. படிக்கட்டு வரைக்கும் ஆட்கள் நின்றார்கள். எங்களிடம் இருந்தது ஒரே ஒரு சென்ட்ரிஃப்யூஜ். சாம்பிளை வேகமாகச் சுற்றி, கனமானதைக் குழாயின் அடியில் படிய வைக்கும் மிஷின். அன்று காலையிலிருந்து அது ரத்த சாம்பிள் குழாய்களோடு சுற்றிக்கொண்டே இருந்தது. ஒரு மனிதர் செய்தித்தாளில் சுற்றிய டப்பாவை மேஜையில் வைத்துவிட்டு, என் முகத்தைப் பார்க்காமல் போனார். நான் ஒரு சொட்டு எடுத்துக் கண்ணாடியில் வைத்து மைக்ரோஸ்கோப்பில் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. இன்னொரு சொட்டு. அதிலும் இல்லை. எழுதிவிட்டேன்.

அதுதான் நான் செய்த தப்பு.

டிப்ளமோ படிக்கும்போது எங்களுக்கு இதை இரண்டு தனி வார்த்தைகளாகச் சொல்லிக் கொடுத்திருந்தார்கள். சொட்டில் ஒன்றும் தெரியவில்லை என்றால் உடனே ‘அசூஸ்பெர்மியா’ என்று எழுதக் கூடாது. மொத்த சாம்பிளையும் மிஷினில் போட்டு வேகமாகச் சுற்ற வேண்டும். குழாயின் அடியில் கடுகளவு வண்டல் படியும். அந்த வண்டலை முழுக்கத் தேட வேண்டும். அதிலும் இல்லை என்றால்தான் அந்த வார்த்தை. அதையும் ஒரே தடவையில் முடிவு செய்யாமல் சில வாரம் விட்டு இன்னொரு சாம்பிள் பார்க்க வேண்டும். வண்டலில் ஒன்றோ இரண்டோ கண்ணில் பட்டால் அதற்குப் பெயரே வேறு. கிரிப்டோசூஸ்பெர்மியா. மறைந்திருக்கிறது என்று அர்த்தம். அபூர்வமாக வருவது. ஆறு வருஷத்தில் நான் ஒரு ரிப்போர்ட்டில்கூட அந்த வார்த்தையை எழுதியதில்லை. ஏன் எழுதியதில்லை என்று அன்றுதான் யோசித்தேன். ‘நில்’ என்று தெரிந்த சாம்பிளை நான் சுற்றிப் பார்த்த நாட்கள் குறைவு.

ஓனர் அறைக்குப் போய்ச் சொன்னேன். அவர் கம்ப்யூட்டரிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“சீல் போட்டுக் குடும்மா. நம்ம ரிப்போர்ட்தானே?”

“சார், நான் அன்னைக்கு சுத்திப் பாக்கல.”

இப்போது நிமிர்ந்தார். “சத்தமாப் பேசாத. சுத்தினாலும் சுத்தலைன்னாலும் அதேதான் வந்திருக்கும். டைவர்ஸ் கேஸ்ல நீ எதுக்குத் தலைய உடுற?”

சீல் அவர் மேஜையில்தான் இருந்தது. எடுத்துக்கொண்டு வெளியே வந்தேன். காகிதத்தை மேஜையில் விரித்தேன். சீலை மைப்பெட்டியில் அழுத்தவும் செய்தேன். அழுத்திவிட்டு அப்படியே நின்றேன். நாலாவது மாதம் என்று அவர் சொன்னது காதிலேயே இருந்தது. என் அக்காவுக்கும் அப்போது அதே மாதம் நடந்துகொண்டிருந்தது. வாந்தியெடுத்து வாந்தியெடுத்துச் சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தாள்.

“அண்ணா, நாளைக்குக் காலைல இன்னொரு சாம்பிள் குடுங்க. ஒரு தடவ பாத்துட்டு சீல் போடுறேன்.”

“எதுக்கு?”

“பழைய டெஸ்ட் முழுசாப் பண்ணல.”

கொஞ்ச நேரம் அவருக்குப் புரியவில்லை. புரிந்தபோது நாற்காலியை உதைத்துத் தள்ளிவிட்டு எழுந்தார். ரத்தம் கொடுக்க உட்கார்ந்திருந்த ஒரு அம்மா பயந்து பையை மடியில் இழுத்துக்கொண்டார்.

“முழுசாப் பண்ணலன்னா? இன்னா மேடம் சொல்ற? அந்தப் பேப்பர வச்சிக்கினு நான் எம்மாம் நாள் தூங்காம கெடந்தேன்னு தெரியுமா? இப்ப வந்து முழுசாப் பண்ணலன்ற? அவ ஆளுங்க யார்னா வந்து உன்னப் பாத்தாங்களா? அவளுக்காகப் பேசுறியா?”

“யாரும் வரலண்ணா. அவங்கள நான் பாத்ததே இல்ல.”

“சீல் போடு.”

“போட மாட்டேன்.”

ஓனர் வெளியே வந்துவிட்டார். அவர் என்னைப் பார்த்த பார்வையில் அன்றே என் வேலை போய்விட்டது என்று நினைத்தேன். ஆனால் அவர் அந்த மனிதரின் தோளில் கை போட்டு, “தம்பி, கோர்ட்டுக்குப் போறதா இருந்தா புது ரிப்போர்ட்டு இன்னும் ஸ்ட்ராங்கு. நாளைக்கு வாங்க, ஃப்ரீயாவே பாத்துத் தரச் சொல்றேன்” என்றார். புது டெஸ்ட்டிலும் ஒன்றும் இருக்காது, பிரச்சினை முடிந்துவிடும் என்பது அவருடைய கணக்கு. அந்த மனிதர் காகிதத்தை வெடுக்கென்று பிடுங்கிக்கொண்டு படியிறங்கினார்.

வருவாரா என்று தெரியாது. மறுநாள் முழு வழியும் ரயிலில் அதையே நினைத்துக்கொண்டு வந்தேன். உண்மையைச் சொன்னால், வராமல் இருந்தால் தேவலை என்றும் ஒரு பக்கம் தோன்றியது. வந்து, சுற்றிப் பார்த்து, அதிலும் ஒன்றும் இல்லை என்றால்? அப்போது அந்தப் பெண்ணுக்கு எதிராக நானே ரெண்டாவது கையெழுத்தும் போட வேண்டியிருக்கும்.

லேப் திறப்பதற்கு முன்பே படிக்கட்டில் உட்கார்ந்திருந்தார். நைட் ஷிஃப்ட் முடித்து நேராக வந்திருந்தார். கம்பெனி யூனிஃபார்ம். கண்கள் சிவந்திருந்தன.

சாம்பிள் வாங்கி, அது நீர்த்து வரும்வரை அரைமணி நேரம் காத்திருக்க வேண்டும். அந்த நேரத்தில் சில கேள்விகள் கேட்டேன். முதல் தடவை கேட்டிருக்க வேண்டிய கேள்விகள்தான்.

“அந்த முதல் டெஸ்ட்டுக்கு முன்னாடி ஜுரம் ஏதாவது வந்துச்சாண்ணா?”

யோசித்தார். “டைபாய்டு. ஆஸ்பத்திரில பெட்ல போட்டாங்க. அது முடிஞ்சி ஒரு மாசத்துலதான் இங்க வந்தேன்.”

“அப்ப வேலை எங்க?”

“ஃபர்னஸாண்ட. எட்டு மணி நேரமும் அந்த அனல்லதான். கையில அடிபட்டப்புறம் டெஸ்பாட்ச்சுக்கு மாத்தினாங்க. ஒரு வருசம் ஆவுது.”

கடும் ஜுரம் வந்தால் அதற்கப்புறம் சில மாதங்களுக்கு எண்ணிக்கை விழும். விடாத சூடும் குறைக்கும். ஏற்கெனவே குறைவாக இருப்பவருக்கு அது தேடினாலும் கிடைக்காத அளவுக்குப் போகலாம். பிறகு கொஞ்சம் ஏறலாம். இதெல்லாம் படித்ததுதான். ஆனால் மேஜைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிற ஒரு ஆளிடம் பொருத்திப் பார்த்ததில்லை. அவரிடம் இதை நான் அப்போது சொல்லவில்லை. இன்னும் பார்க்கவில்லையே.

முதலில் சொட்டு. ஒன்றும் இல்லை. இரண்டாவது சொட்டு. இல்லை. ஓனர் பின்னால் வந்து நின்று, “நான் சொன்னேன்ல” என்றார். நான் ரத்த சாம்பிள் குழாய்களை எல்லாம் வெளியே எடுத்து வைத்தேன். சாம்பிளைக் குழாயில் ஊற்றி, எதிர்ப்பக்கம் அதே எடைக்குத் தண்ணீர் வைத்து மிஷினை ஓடவிட்டேன். கால் மணி நேரம். அந்த மிஷினின் இரைச்சல் அன்று தாங்க முடியவில்லை. அவர் கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்று மிஷினையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மேலே இருந்ததை வடித்துவிட்டு, அடியில் இருந்த வண்டலில் ஒரு துளியைக் கண்ணாடியில் வைத்தேன். இடது ஓரத்தில் ஆரம்பித்து வலது ஓரம் வரை, ஒரு வரிசை கீழே இறங்கி மறுபடி வலதிலிருந்து இடது. ஒரு இடம்கூட விடக் கூடாது. உருண்டையான செல்கள் இருந்தன. தூசு இருந்தது. வால் போல நீண்ட ஒன்று தெரிந்தது. அது வெறும் நூல். முதல் கண்ணாடி முடிந்தது. இல்லை.

ரெண்டாவது கண்ணாடியில் பாதி தாண்டியிருப்பேன். கண்ணில் நீர் கோத்துக்கொண்டதால் ஒரு தடவை நிமிர்ந்து துடைத்துக்கொண்டேன். மறுபடி குனிந்தபோது, ரெண்டு உருண்டை செல்களுக்கு நடுவே ஏதோ அசைந்தது. நான் கையை எடுத்துவிட்டேன். மேஜை ஆடினால்கூடப் போய்விடுமோ என்று பயம். அது ஒரு பக்கமாக நெளிந்து, நின்று, மறுபடி நெளிந்தது. தலை, கழுத்து, வால். சந்தேகமே இல்லை.

“சார், இங்க வாங்க.”

ஓனர் குனிந்து பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார்.

வண்டல் தீரும்வரை தேடினேன். மொத்தம் ஏழு. அதில் ரெண்டுதான் அசைந்தன.

ஓனர் என்னை உள்ளே கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார். “புது ரிப்போர்ட் குடுத்து அனுப்பு. அன்னைக்கு இல்ல, இன்னைக்கு வந்திருக்கு. அவ்ளோதான். பழசப் பத்தி வாயத் திறக்காத.”

அவர் சொன்னது பெரிய பொய்யும் இல்லை. அன்று உண்மையிலேயே ஒன்றும் இல்லாமலும் இருந்திருக்கலாம். ஆனால் அது எனக்குத் தெரியாது. தெரியாத ஒன்றைத்தான் நான் தெரிந்த மாதிரி எழுதியிருந்தேன்.

ரிப்போர்ட்டை டைப் செய்தேன். ‘கிரிப்டோசூஸ்பெர்மியா’ என்று அடிக்கும்போது ரெண்டு முறை எழுத்து தப்பியது. அவரிடம் கொடுத்து, உட்கார வைத்து, அந்த வார்த்தையை விரலால் காட்டினேன். அவர் எழுத்துக் கூட்டிப் படித்தார்.

“கிரிப்டோவா? செல்லுல டப்பு போட்டு ஏமாந்து போறாங்களே, அதா?”

எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவரும் விளையாட்டாகக் கேட்கவில்லை.

“இல்லண்ணா. கிரிப்டோன்னா மறைஞ்சி கீதுன்னு அர்த்தம். சும்மா பாத்தா தெரியாது. சுத்தி, அடியில தேடுனா கிடைக்கும். உங்களுக்கு ரொம்பக் கம்மியாத்தான் கீது. ஆனா கீது.”

அவர் பழைய ரிப்போர்ட்டை எடுத்துப் புதியதற்குப் பக்கத்தில் வைத்தார். “அப்ப முதல்ல?” என்றார்.

“முதல்ல நான் சுத்திப் பாக்கல. அன்னைக்குக் கூட்டம். ரெண்டு சொட்டுப் பாத்துட்டு எழுதிட்டேன். ‘கண்ணுக்குத் தெரியல, மறுபடி பாக்கணும்’னு எழுதியிருக்கணும். ‘இல்ல’ன்னு எழுதிட்டேன். என் தப்பு.”

அடிப்பார் என்றுதான் நினைத்தேன். என்னை அறியாமல் நாற்காலியைப் பின்னால் நகர்த்தியிருந்தேன். அவர் எழுந்து வெளியே போனார். படிக்கட்டின் நடுவில் உட்கார்ந்துவிட்டார். ஏறி வருகிறவர்கள் அவரைச் சுற்றிக்கொண்டு வந்தார்கள். நான் போய் இரண்டு படி மேலே நின்றேன்.

“ரெண்டு வாட்டி தண்டவாளத்தாண்ட போய் நின்னுட்டு வந்தேன் மேடம்” என்றார், திரும்பாமல். “அவகிட்ட சொல்ல முடியாம. அந்தப் பேப்பரால.”

பிறகு என் பக்கம் திரும்பினார்.

“இப்ப சொல்லு. அது என் கொயந்தயா?”

“அத இந்த மைக்ரோஸ்கோப் சொல்லாதுண்ணா. உங்களுக்குப் பொறக்கவே முடியாதுன்னு நான் எழுதினது தப்பு. அது வரைக்கும்தான் எனக்குத் தெரியும்.”

“வேற டெஸ்டு கீதாமே. டிஎன்ஏ.”

“கீது. பொறந்தப்புறம் எடுக்கலாம். அது உங்க ரெண்டு பேரு விஷயம்.”

அவர் ரெண்டு ரிப்போர்ட்டையும் ஒன்றாகச் சேர்த்து மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். பிறகு கேட்டார். “ஞாயித்துக்கிழம ஆரம்பாக்கம் வரியா? நான் சொன்னா அவ கதவத் தொறக்க மாட்டா. நீ சொல்லு.”

போக வேண்டாம் என்று அம்மா சொன்னாள். “யார் ஊட்டு சண்டையிலயோ போய் நிக்கணுமா?” ஓனருக்கு நான் சொல்லவே இல்லை. ஞாயிறு காலை சர்ச் ஆராதனைக்குப் போகாமல் சூலூர்பேட்டை ரயிலைப் பிடித்தேன்.

ஆரம்பாக்கம் ஸ்டேஷனில் அவர் காத்திருந்தார். அங்கிருந்து வயல் ஓரமாகக் கொஞ்ச தூரம் நடக்க வேண்டும். அவர் முன்னால் நடந்தார். வீடு வந்ததும் தெருக் குழாயடியிலேயே நின்றுவிட்டார். நான் மட்டும் போனேன். அவள் வாசலில் உட்கார்ந்து ஃபேக்டரி யூனிஃபார்ம் கோட்டுக்குச் சோப்புப் போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தாள். வேலைக்குப் போவதை நிறுத்தவில்லை என்று தெரிந்தது. வயிறு லேசாகத் தெரிந்தது. என்னைவிட நாலைந்து வயது பெரியவள்.

யார் என்று சொன்னேன். எந்த லேப் என்று சொன்னேன். அவள் கை நின்றது. உள்ளேயிருந்து அவள் அம்மா எட்டிப் பார்த்தார்.

எல்லாவற்றையும் சொன்னேன். கூட்டம், மிஷின், ரெண்டு சொட்டு, நேற்று முன்தினம் பார்த்த ஏழு. முடித்ததும், “யக்கா, மன்னிச்சிடுங்க” என்றேன்.

“எத்தினி நிமிஷம் பாத்த, மொதல் வாட்டி?”

“அஞ்சி நிமிஷம் இருக்கும்.”

“ம்.” கோட்டைத் தண்ணீரில் போட்டு அலசினாள். பிறகு குழாயடியைப் பார்த்துச் சத்தமாகவே பேசினாள். எனக்கல்ல, அவருக்கு.

“அந்தப் பேப்பர் வாங்கினதுக்கு அப்புறமும் நான் மாத்திர முழுங்கினேன். இடுப்புல ஊசி போட்டுக்கினேன். உங்கம்மா என்ன மலடின்னு நாலு பேர் முன்னாடி சொல்லிச்சு. நீ சோறு துன்னுக்கினு உக்காந்திருந்த. உனுக்குத்தான் கொறன்னு தெரிஞ்சே உக்காந்திருந்த. இவ தப்பா எழுதினா, சரி. நீ இன்னா பண்ண? ஒரு வார்த்த எங்கிட்ட சொல்லியிருந்தா ரெண்டு பேரும் சேந்து வேற லேபுக்குப் போயிருப்போமா இல்லயா?”

அவர் தலையைத் தூக்கவில்லை. அக்கம்பக்கத்தில் ரெண்டு மூன்று வாசல்களில் ஆட்கள் வந்து நின்றுவிட்டார்கள்.

அவள் கையைத் துடைத்துக்கொண்டு என்னிடம் திரும்பினாள். “நீ வாயால சொல்றது எனுக்கு வேணாம். பேப்பர்ல எழுதித்தானே என்னக் கெடுத்த? பேப்பர்லயே எழுதிக் குடு. நான் பண்ணது தப்புன்னு, கையெழுத்தோட. நாளைக்கு இந்தக் கொயந்தய யாரு இன்னா கேட்டாலும் நான் அதக் காட்டணும்.”

அப்படி ஒரு காகிதம் கொடுத்தால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். லேப் மேல் கேஸ் போடலாம். என் மேல் போடலாம். எனக்கு எந்த ஊரிலும் வேலை கிடைக்காமல் போகலாம். அவளும் அதைத் தெரிந்துதான் கேட்கிறாள் என்று அவள் கண்ணைப் பார்த்தால் தெரிந்தது. வாசலில் நின்றவர்கள் என்னைப் பார்த்தார்கள்.

அவள் அம்மா ஒரு நோட்டுப் புத்தகத்திலிருந்து தாள் கிழித்துக் கொண்டுவந்தார். சுவரில் வைத்து எழுதினேன். பேனா வழுக்கிக்கொண்டே இருந்தது. என் பெயர், படிப்பு, வேலை. இந்தத் தேதியில் இவருடைய சாம்பிளை நான் முறைப்படி முழுமையாகப் பரிசோதிக்கவில்லை. அசூஸ்பெர்மியா என்று எழுதியதற்கு எனக்கு ஆதாரம் இல்லை. அந்த ரிப்போர்ட்டை வைத்து யாரைப் பற்றியும் எந்த முடிவுக்கும் வரக் கூடாது. இப்போது முழுமையாகப் பார்த்ததில் கிரிப்டோசூஸ்பெர்மியா என்று தெரிகிறது. கையெழுத்து. தேதி.

அவள் ரெண்டு தடவை படித்தாள். அந்த ஆங்கில வார்த்தையை மட்டும் என்ன என்று கேட்டாள். சொன்னேன். தாளை மடித்து உள்ளே கொண்டுபோய் வைத்துவிட்டு வந்தாள். எனக்கு ஒரு சொம்பு தண்ணீர் கொடுத்தாள். அவருக்குக் கொடுக்கவில்லை.

“பொறந்தப்புறம் இன்னா டெஸ்டு வேணா எடுத்துக்க” என்று அவரைப் பார்த்துச் சொன்னாள். “நான் தடுக்க மாட்டேன். ஆனா எடுத்தீன்னா, ரிசல்ட் வர அன்னிக்கு நான் உனுக்கு யாரும் இல்ல. அத மட்டும் யோசிச்சிக்க.”

திரும்பும்போது அவரும் என்னோடு பிளாட்பாரம் வரை வந்தார். ரயில் வந்தது. அவர் ஏறவில்லை.

திங்கட்கிழமை ஓனரிடம் நானே சொன்னேன். அவர் கத்தவில்லை. “மாசக் கடைசியோட நின்னுக்கம்மா” என்றார். லேப் பெயர் போட்ட தாளில் எழுதாததால் அவருக்குக் கொஞ்சம் நிம்மதி. கேஸ் வரும் என்று ரொம்ப நாள் பயந்துகொண்டிருந்தேன். தபால்காரர் சைக்கிள் மணி கேட்டால் ஓடிப்போய் வாசலைப் பார்ப்பேன். வரவில்லை.

அவள் அன்றே என் நம்பரை வாங்கி வைத்திருந்தாள். எப்போதாவது ஒரு வரி அனுப்புவாள். பெண் குழந்தை பிறந்தது. அவர் டெஸ்ட் எடுக்கவில்லை. தன் அம்மாவோடு இருந்த வீட்டை விட்டு வந்து ஆரம்பாக்கத்திலேயே வாடகைக்கு ஒரு அறை பார்த்துக்கொண்டு, அங்கிருந்து வேலைக்குப் போய் வந்தார். தினமும் சாயங்காலம் வந்து வாசலில் உட்கார்ந்து குழந்தையைத் தூக்கிக் கொஞ்சிவிட்டுப் போவார். அவள் உள்ளே கூப்பிடவில்லை. குழந்தைக்கு எட்டு மாதம் ஆனபோது ஒரு நாள் மூட்டையைக் கட்டிக்கொண்டு அவர் அறைக்குப் போனாள். ஏன் என்று நான் கேட்டதற்கு, “மழ பேஞ்சிது. வெளியவே நனஞ்சிக்கினு உக்காந்திருந்தாரு. பேஜாரா பூடுச்சி” என்று மட்டும் அனுப்பினாள். மனசு ஆறிவிட்டதா என்று கேட்க எனக்கு தைரியம் வரவில்லை.

எனக்கு மூன்று மாதம் வேலை இல்லை. பிறகு திருவள்ளூரில் குழந்தையின்மை சிகிச்சை மையம் ஒன்றில் சேர்ந்தேன். இன்டர்வியூவில் பழைய வேலையை ஏன் விட்டாய் என்று கேட்டபோது நடந்ததை அப்படியே சொன்னேன். கேட்ட டாக்டரம்மா கொஞ்ச நேரம் பேனாவை மூடித் திறந்துகொண்டிருந்துவிட்டு, “எப்ப ஜாயின் பண்றீங்க?” என்றார்.

ஒன்றை மட்டும் இங்கே சொல்ல வேண்டும். கும்மிடிப்பூண்டியில் அந்தக் கடைசி மாதம், மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஓனர் கீழே போனதும், நான் பழைய ரெஜிஸ்டர்களை எடுத்து வைத்துக்கொண்டு உட்காருவேன். ஆறு வருஷம். ‘நில்’ என்று நான் எழுதிய வரிகளைத் தேடினேன். இவரைத் தவிர ஒன்பது பேர் இருந்தார்கள். அதில் எத்தனை பேருடையதைச் சுற்றிப் பார்த்தேன், எத்தனை பேருடையதைப் பார்க்கவில்லை என்று எனக்கு ஞாபகமில்லை. ஆகவே ஒன்பது பேருக்கும் போன் செய்தேன்.

நான்கு நம்பர்கள் உபயோகத்தில் இல்லை. ஒருவர் விஷயத்தைக் கேட்டதும் ராங் நம்பர் என்று வைத்துவிட்டார். ஒரு நம்பரில் ஒரு பெண் எடுத்தாள். அவளுக்குத் தெரியுமா தெரியாதா என்று எனக்குத் தெரியாது. நானே ராங் நம்பர் என்று சொல்லி வைத்தேன். ரெண்டு பேர் வருகிறேன் என்றார்கள். ஒருவர் வந்தார். சுற்றிப் பார்த்தேன், வண்டல் முழுக்கத் தேடினேன். அவருக்கு உண்மையிலேயே ஒன்றும் இல்லை. அதை இரண்டாம் தடவையும் அவர் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டியிருந்தது.

கடைசி நம்பர் ஆர்.கே.பேட்டைக்காரருடையது. அப்போது கும்மிடிப்பூண்டியில் தங்கி வேலை பார்த்தவர், பிறகு ஊருக்கே திரும்பிவிட்டார். பின்னால் வண்டி சத்தமும், யாரோ மாட்டை அதட்டுவதும் கேட்டது. நான் சொன்னதை எல்லாம் பொறுமையாகக் கேட்டார். மறுபடி ஒரு தடவை டெஸ்ட் எடுக்க முடியுமா என்று கேட்டேன்.

“மேடம்” என்றார். “நாங்க ஒரு கொயந்தய தத்து எடுத்துக்கினோம். இந்த வருசம் ஸ்கூல்ல சேத்துட்டோம். இப்பக் கூட்டினு வரத்தான் போய்க்கினு கீறேன். மணி அடிச்சிருவாங்க, வச்சிடட்டா?”

வைத்துவிட்டார்.